கம்பெனியின் கடனும் டைரக்டரின் வீடும்

செங்கற்பட்டிலிருந்து திருக்கழுக்குன்றம் வழியாக மாமல்லபுரம் செல்லும் சாலையிலும், அங்கிருந்து வடக்கே கோவளம் வரையில் கடலை ஒட்டிச் செல்லும் சாலையிலும் இருமருங்கும் தென்படும் பெயர்ப்பலகைகளைச் சற்று ஊன்றிப் படித்துக்கொண்டு போகிறவர்கள், ஒரு சிற்பக்கூடம் ஸ்தபதி ஒருவரின் சொந்தப் பெயரிலும், அதற்கடுத்த சிமெண்டுக் கடை சகோதரர்கள் இருவரின் கூட்டுப் பெயரிலும், அதையும் தாண்டிய கடற்கரை விடுதி ‘பிரைவேட் லிமிடெட்’ என்ற அடைமொழியோடும் விளங்குவதைக் காணலாம். மூன்று இடங்களிலும் லாபமும் உண்டு, நஷ்டமும் உண்டு. ஆனால் நொடித்துப்போகும் நாளில் மூவருடைய கதியும் ஒன்றாக இருப்பதில்லை. ஸ்தபதியின் பட்டறைக்கும் வீட்டுக்கும் நடுவே சட்டம் கோடு எதுவும் கிழிக்கவில்லை. பட்டறையின் கடன் அவருடைய கடனே. சகோதரர்களோ, 1932ஆம் ஆண்டின் கூட்டாண்மைச் சட்டப்படி, ஆளுக்குப் பாதி என்றில்லாமல் ஒவ்வொருவரும் முழுக் கடனுக்கும் பொறுப்பாளிகள். விடுதிக்காரர் மட்டுமே, ‘கடன் பட்டது கம்பெனி, நான் அல்ல’ என்று சொல்லக்கூடியவர். அல்லது, அப்படிச் சொல்லிவிடலாம் என்று நம்பிக்கொண்டிருப்பவர். அந்த நம்பிக்கை எதுவரையில் செல்லும், எந்த இடத்தில் சர்க்காரின் வசூல் அதிகாரி அதைத் தாண்டி அவர் வீட்டு வாசலுக்கு வந்துவிடுகிறார் என்பதை அறிந்துவைத்திருப்பவர்கள் நம்மிடையே மிகச் சிலரே.

கடன் என்பது பட்டவனை விட்டு அகலாது என்பதுதான் நம்மவர்களின் பழைய கொள்கை. தகப்பன் பட்ட கடன், சூதாட்டம் போன்ற அடாத காரியங்களுக்காகப் பட்டதாக இல்லாதவரையில், அதைத் தீர்ப்பது மகனுக்குத் தர்மம் என்ற சாஸ்திர விதியைப் பிரிட்டிஷ் நீதிமன்றங்களும் ஏற்றுக் குடும்பச் சொத்தளவில் அமல் நடத்தின. ஹிந்து வாரிசுரிமைச் சட்டத்தின் திருத்தம் அமலுக்கு வந்த 2005ஆம் ஆண்டு செப்டம்பர் 9ஆம் தேதிக்குப் பிறகு பட்ட கடன்களுக்குத்தான் அவ்விதி இல்லாமற்போயிற்று. வியாபார உலகத்திலும் இதே நிலைமைதான் இருந்தது. 1906ஆம் ஆண்டு அக்டோபரில் சென்னைப் பட்டணத்தையே கலக்கிய அர்பத்நாட் கம்பெனியின் வீழ்ச்சி இதற்கு நல்ல உதாரணம்: பெயரளவில் கம்பெனியாக இருந்தாலும் உண்மையில் அது கூட்டாளிகளின் வியாபாரம், ஆகையால் அது விழுந்தபோது கூட்டாளிகளும் கூடவே விழுந்தார்கள், சர் ஜார்ஜ் அர்பத்நாட் மோசடிக் குற்றத்துக்காகச் சிறைக்கும் சென்றார். அந்த வீழ்ச்சியினால் கலங்கிய சென்னைப் பிரமுகர்கள் வி. கிருஷ்ணஸ்வாமி ஐயரை முன்னிட்டுக்கொண்டு மறு வருஷம் தோற்றுவித்த இந்தியன் பாங்க், பங்குதாரர்களின் பொறுப்பு வரையறுக்கப்பட்ட ஸ்தாபனமாகவே பிறந்தது.

வரையறுக்கப்பட்ட பொறுப்பு என்ற இந்த ஏற்பாட்டுக்கு முழு உருவம் கொடுத்த வழக்கு, ஒரு பூட்ஸ் வியாபாரியின் வழக்கு. லண்டனில் வொய்ட்சேப்பல் பகுதியில் தொழில் நடத்திவந்த ஆரன் சாலமன் என்பவர், 1892ஆம் ஆண்டில் தம் வியாபாரத்தைக் கம்பெனியாக மாற்றி, 20,007 பங்குகளில் மனைவிக்கு ஒன்று, மகளுக்கு ஒன்று, நான்கு மகன்களுக்கு ஆளுக்கொன்று என்று ஆறு பங்குகளைக் கொடுத்துவிட்டு, மிச்சமெல்லாவற்றையும் தாமே வைத்துக்கொண்டார். கம்பெனி வெகு சீக்கிரத்தில் நொடித்தது. இது வெறும் வேஷம், கம்பெனி என்பதே சாலமன்தான் என்று கடன் கொடுத்தவர்களின் சார்பில் வாதிக்கப்பட்டபோது கீழ்நிலை நீதிமன்றங்கள் ஆமென்றன. ஆனால் 1896ஆம் ஆண்டில் பிரபுக்கள் சபை, முறைப்படி பதிவான கம்பெனி தன் உறுப்பினர்களிலிருந்து வேறான ஒரு நபர் என்றும், அதன் கடன் அதனுடையதேயன்றிச் சாலமனுடையதல்ல என்றும் தீர்ப்பளித்தது. கம்பெனிக்கும் அதன் மனிதர்களுக்கும் இடையே எழுந்த அந்தச் சுவர் இன்றும் நிற்கிறது. கடற்கரை விடுதிக்கு மீனும் காய்கறியும் கடனாகப் போட்டவர் அந்தச் சுவரில் முட்டிக்கொண்டு திரும்பவேண்டியதுதான்.

சுவரை எழுப்ப அனுமதித்த ராஜாங்கமோ, தனக்கு வரவேண்டிய பணத்தைப் பொறுத்தமட்டில் அதில் சில வாசல்களை வைத்துக்கொண்டது. இதன் காரணம் விளங்கவேண்டுமானால் இந்த ஜில்லாவின் பழைய சரித்திரத்தைக் கொஞ்சம் பார்க்கவேண்டும். பதினெட்டாம் நூற்றாண்டில் ஆற்காட்டு நவாபிடமிருந்து ஆங்கிலேயருக்கு ஜாகீராகக் கிடைத்த பிரதேசம் செங்கற்பட்டு. அதைப் பெற்றுக்கொண்டு நிலவரி வசூலித்ததும் ஒரு கம்பெனிதான் என்பதை இங்கே நினைத்தால் சிரிப்பு வராமலிராது. சென்னை ராஜதானியெங்கும் அந்தக் கம்பெனியின் ஆட்சியில் வரி எப்படி வசூலாயிற்று என்பதை, 1854ஆம் ஆண்டில் நியமிக்கப்பட்டு மறு வருஷம் அறிக்கை கொடுத்த சித்திரவதை விசாரணைக் கமிஷன் எழுதிவைத்திருக்கிறது. பாக்கி வைத்த குடியானவனின் விரல்களைக் கிட்டியில் நெரிப்பதும், கழுத்தையும் கால்விரலையும் சேர்த்துக் கட்டிக் குனிந்தபடியே வெயிலில் நிறுத்திவைக்கும் அண்ணாந்தாளும் தாலுகாக் கச்சேரிகளில் சர்வ சாதாரணமாக இருந்தன என்பதைச் சர்க்கார் நியமித்த கமிஷனர்களே ஒப்புக்கொண்டார்கள்.

அதற்குப் பத்து வருஷத்துக்குள் வந்ததுதான் 1864ஆம் ஆண்டின் இரண்டாவது சட்டமாகிய வருவாய் வசூல் சட்டம். அடியும் கிட்டியும் போய், நோட்டீஸ், ஜப்தி, ஏலம், கைது என்ற கிரமம் வந்தது. தமிழ்நாட்டில் இன்றைக்கும் அமலில் இருப்பது அதே சட்டந்தான். நிலவரிக்காக இயற்றப்பட்ட அச்சட்டத்தின் 52ஆம் பிரிவு சர்க்காருக்குச் சேரவேண்டிய மற்றப் பாக்கிகளையும் உள்ளே இழுத்துக்கொண்டது. பிற்காலத்துச் சட்டங்கள் பலவும், வசூலுக்கு வேறு வழி யோசிக்க அலுத்துப்போய், ‘நிலவரி பாக்கியைப் போல வசூலிக்கலாம்’ என்று ஒரு வாக்கியத்தை எழுதி முடித்துக்கொண்டன. ஜிஎஸ்டி சட்டத்தின் 79ஆம் பிரிவு, பாங்கிக் கணக்கு, சரக்கு, வரவேண்டிய பணம் ஆகியவற்றைப் பிடிக்கும் வழிகளையெல்லாம் சொல்லிவிட்டு, கலெக்டருக்குச் சான்று அனுப்பி நிலவரி பாக்கியாக வசூலிக்கும் வழியையும் சேர்த்திருக்கிறது. ஒரு பிடி நிலத்தையும் உழுதறியாத விடுதிக் கம்பெனியின் வரிபாக்கிக்காக, மாமல்லபுரம் திருக்கழுக்குன்றம் தாலுகாவில் இருப்பதால், திருக்கழுக்குன்றம் தாசில்தாரும் வருவாய் ஆய்வாளரும் கிராம நிர்வாக அலுவலரும் புறப்பட்டு வருவது இப்படித்தான்.

1864ஆம் ஆண்டுச் சட்டத்தின் 48ஆம் பிரிவு இன்னும் கடுமையானது. சொத்தை விற்றும் பாக்கி தீராமல், பாக்கிதாரர் வேண்டுமென்றே பணத்தை மறைத்துவைத்திருக்கிறார் என்றோ, மோசடி செய்கிறார் என்றோ நம்பக் கலெக்டருக்குக் காரணம் இருந்தால், அவரைக் கைதுசெய்து சிறையில் வைக்கலாம். 500 ரூபாய்க்கு மேற்பட்ட பாக்கியானால் இரண்டு வருஷம் வரையில் வைக்கலாம். சிறையிருந்ததனால் கடன் கழிந்துவிடாது என்பதையும் சட்டம் மறக்காமல் சொல்லியிருக்கிறது. வருமானவரி பாக்கிக்காக மலபார் கலெக்டர் ஒருவரைக் கைதுசெய்த வழக்கில், 1957ஆம் ஆண்டு உச்சநீதிமன்றம் இப்பிரிவு அரசியல் சட்டத்துக்கு முரணானதல்ல என்று தீர்ப்புக் கூறிற்று. இருபத்துமூன்று வருஷங்களுக்குப் பின், 1980இல், கொச்சி பாங்கு வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர், கொடுக்க முடியாதவனைக் கொடுக்கவில்லை என்பதற்காக மட்டும் சிறையிலிடுவது மனித கண்ணியத்துக்கு ஒவ்வாதது என்று தீர்மானித்தார். அது சிவில் கடனைப் பற்றிய வழக்கேயானாலும், வசூல் அதிகாரிகளின் கை அதன் பிறகு சற்று நிதானப்பட்டது என்பதே என் அபிப்பிராயம்.

இவ்வளவு அதிகாரமும் யாரைக் குறித்து? ‘பாக்கிதாரர்’ என்று சட்டம் சொல்லும் நபரைக் குறித்து. கம்பெனி பாக்கி வைத்திருந்தால் பாக்கிதாரர் கம்பெனியேயன்றி டைரக்டர் அல்ல. வேறொரு சட்டம் டைரக்டரையும் பாக்கிதாரர் என்று சொன்னாலொழிய அவருடைய சொந்த வீட்டைத் தொடமுடியாது. அப்படிச் சொல்லும் சட்டங்கள் இரண்டு மிக முக்கியமானவை. 1961ஆம் ஆண்டின் வருமானவரிச் சட்டம், 179ஆம் பிரிவில், கலைக்கப்படும் பிரைவேட் கம்பெனியின் டைரக்டர்களை மட்டுமே முதலில் பொறுப்பாக்கிற்று. 1975ஆம் ஆண்டு அக்டோபர் முதல், கலைக்கப்படாத பிரைவேட் கம்பெனிக்கும் அது விரிந்தது. 2013ஆம் ஆண்டில், வரி என்றால் அதன்மேல் ஏறிய வட்டியும் அபராதமும் சேர்த்துத்தான் என்ற விளக்கமும் வந்து சேர்ந்தது. 2017ஆம் ஆண்டின் ஜிஎஸ்டி சட்டம் தன் 89ஆம் பிரிவில் ஏறக்குறைய இதே சொற்களை எடுத்துக்கொண்டது. 2026 ஏப்ரல் முதல் அமலாகும்படி இயற்றப்பட்ட புதிய வருமானவரிச் சட்டமும் இப்பொறுப்பைக் கைவிடவில்லை. பொதுமக்களுக்குப் பங்கு விற்கும் பப்ளிக் கம்பெனிகள் இந்தப் பிரிவுகளுக்குள் வருவதில்லை. பெரிய மீன்கள் நழுவும் வலை என்று குறை கூறுவாரும் உண்டு.

இரண்டு சட்டங்களும் சொல்வது இதுதான்: கம்பெனியிடமிருந்து வசூலிக்க முடியாத வரிக்கு, அந்த வரி எந்தக் காலத்துக்கு உரியதோ அந்தக் காலத்தில் டைரக்டராக இருந்த ஒவ்வொருவரும் சேர்ந்தும் தனித்தும் பொறுப்பாளிகள், வசூல் ஆகாமற்போனதற்குத் தம்முடைய பெரும் அசட்டையோ, முறைகேடோ, கடமை தவறுதலோ காரணமல்ல என்று நிரூபிப்பவர் மட்டும் தப்பலாம். நிரூபிக்கும் பாரம் டைரக்டருடையது. ஆனால் அவர் நிரூபிக்கவேண்டியது இன்னதென்பதில் அதிகாரிகளும் சில சமயம் வக்கீல்களும்கூடத் தடுமாறுகிறார்கள். கம்பெனி ஏன் வரி கட்டவில்லை என்பதல்ல கேள்வி. கம்பெனியிடமிருந்து வரியை ஏன் வசூலிக்க முடியாமற்போயிற்று என்பதே கேள்வி.

ஒரு கற்பனை விடுதியை எடுத்துக்கொள்வோம். 2019ஆம் ஆண்டு அக்டோபரில் பிரதமர் மோதியும் சீன ஜனாதிபதி ஷி ஜின்பிங்கும் மாமல்லபுரத்தில் சந்தித்து உலகப் பத்திரிகைகளெல்லாம் அர்ஜுனன் தபசைப் படம் பிடித்துப் போட்ட உற்சாகத்தில், விடுதிக் கம்பெனி பாங்கியில் கடன் வாங்கிப் புதுக் கட்டடம் எழுப்பியது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆறு மாதம் ஆவதற்குள், 2020 மார்ச்சில், ஊரடங்கு வந்து கடற்கரை வெறிச்சோடிற்று. பாங்கி கட்டடத்தை எடுத்துக்கொண்டது. வரிபாக்கிக்கு மிச்சம் ஒன்றுமில்லை. இதில் டைரக்டரின் அசட்டை எங்கே இருக்கிறது? கணக்கு முறையாக எழுதி, அறிக்கைகளைத் தாக்கல் செய்து, சொத்து போன வழியைக் காட்டக்கூடியவர் தப்பிக்கவேண்டியவரே. அதே டைரக்டர், நோட்டீஸ் வரும் என்று தெரிந்தவுடன் விடுதியின் வாகனங்களையும் வரவேண்டிய பணத்தையும் மைத்துனர் பெயரிலுள்ள இன்னொரு கம்பெனிக்கு மாற்றியிருந்தால், கட்டடத்தைப் பாங்கி எடுத்த கதை அவரைக் காப்பாற்றாது.

தொழிலாளிகளின் வருங்கால வைப்புநிதி விஷயத்தில் 1952ஆம் ஆண்டுச் சட்டம் வகுத்த முறை வேறு. பாக்கிக்கு முதலில் ஸ்தாபனத்தின் சொத்தையும், அது போதாதபோது முதலாளியின் சொந்தச் சொத்தையும் வசூல் அதிகாரி ஜப்தி செய்யலாம். முதலாளி என்பதில் தொழிற்சாலையின் பொறுப்பாளரும் அடக்கம். தொழிற்சாலையை நடத்துவது கம்பெனியானால், அதன் டைரக்டர்களில் ஒருவரே தொழிற்சாலையின் பொறுப்பாளராகக் கருதப்படுவார் என்று தொழிற்சாலைச் சட்டம் 1987ஆம் ஆண்டிலேயே திருத்தப்பட்டிருப்பதால், மறைமலைநகரிலும் திருப்போரூர்ச் சாலையிலும் சிறு பட்டறை வைத்திருக்கும் பிரைவேட் கம்பெனிகளின் டைரக்டர்கள் இதில் அலட்சியமாக இருக்க நியாயமில்லை. இங்கே நான் சர்க்காரின் பக்கம். சமையற்காரரின் சம்பளத்தில் பிடித்துவைத்த பணமும், அறை வாடகையோடு விருந்தினரிடம் வாங்கிய ஜிஎஸ்டியும் கம்பெனியின் பணமே அல்ல. பிறர் பணத்தைக் கையில் வாங்கிக்கொண்டு, கொடுக்கவேண்டிய இடத்தில் கொடுக்காமல் பாங்கி வட்டிக்கும் பெட்ரோலுக்கும் செலவழித்தவர், ‘நான் வேறு, கம்பெனி வேறு’ என்று சொல்வதைக் கேட்டுக்கொண்டிருக்க வேண்டியதில்லை.

நான் சர்க்காரோடு ஒத்துப்போகாத இடம் வேறு. பிரைவேட் கம்பெனிக்குக் குறைந்தபட்சம் இரண்டு டைரக்டர்கள் வேண்டும் என்பது சட்டம். இரண்டாவது ஆள் யார்? நம் ஊர்களில் அநேகமாக மனைவி, இல்லாவிட்டால் தாயார். ஆடிட்டர் அனுப்பிய காகிதத்தில் கணவர் காட்டிய இடத்தில் கையெழுத்திட்டதோடு அந்த அம்மாளின் நிர்வாகம் முடிந்துவிடுகிறது. போர்டு மீட்டிங் என்பது சமையலறையைத் தாண்டி வந்ததில்லை. பத்து வருஷம் கழித்து அவர் பெயருக்கே நோட்டீஸ் வரும்போது, அவருடைய பெயரில் தகப்பனார் எழுதிவைத்த மனையும் வசூலுக்கு உட்படுகிறது. வருமானவரி வசூல் விதிகள் பெண்களைக் கைதுசெய்து சிறையில் வைக்கக்கூடாது என்கின்றன. சொத்தைப் பொறுத்து அந்தத் தயவு இல்லை. நிர்வாகத்தில் பங்கெடுக்காதவர் என்பதைக் கருதி உயர்நீதிமன்றங்கள் பல வழக்குகளில் இத்தகையவர்களை விடுவித்திருக்கின்றன என்பது உண்மையே. ஆனால் அதற்கு உயர்நீதிமன்றம் வரையில் போகவேண்டியிருக்கிறது. நிர்வாகம் செய்தவரையும் பெயர் கொடுத்தவரையும் முதல் நோட்டீஸிலேயே பிரித்துப் பார்க்கும்படி சட்டத்தைத் திருத்துவது அப்படியொன்றும் அசாத்தியமான காரியமல்ல.

டைரக்டரைத் தாண்டி, கம்பெனியின் உடைமையாளரையே சர்க்கார் தேடிச் சென்ற வழக்கு ஒன்று பழைய செங்கற்பட்டு ஜில்லாவின் ஸ்ரீபெரும்புதூரில் நடந்தது. 1997ஆம் ஆண்டுப் பிரிவினைக்குப் பிறகு காஞ்சிபுரம் ஜில்லாவைச் சேர்ந்துவிட்ட அவ்வூரில், 2006ஆம் ஆண்டில் நோக்கியாவின் கைப்பேசித் தொழிற்சாலை தொடங்கிற்று. 2013ஆம் ஆண்டில் வருமானவரி இலாகா, பின்லாந்திலுள்ள தாய்க் கம்பெனிக்கு மென்பொருளுக்காகச் செலுத்திய தொகையில் வரி பிடிக்கவில்லை என்று சுமார் 2,000 கோடி ரூபாய் கேட்டுச் சொத்துகளை முடக்கிற்று. தமிழ்நாடு அரசும், ஏற்றுமதிக்கென்று சொன்ன கைப்பேசிகள் உள்நாட்டில் விற்கப்பட்டன என்று கூறி 2014ஆம் ஆண்டில் சுமார் 2,400 கோடி கேட்டது. அதே சமயத்தில் நோக்கியா தன் கைப்பேசித் தொழிலை உலகெங்கும் மைக்ரோசாஃப்டுக்கு விற்றுக்கொண்டிருந்தது. தொழிற்சாலையையும் விற்பதானால் தாய்க் கம்பெனி 3,500 கோடி ரூபாய்க்கு உத்தரவாதம் தரவேண்டும் என்று 2014 மார்ச்சில் உச்சநீதிமன்றம் நிபந்தனை விதித்தது. இந்தியாவிலுள்ள பிரைவேட் லிமிடெட் வேறு, பின்லாந்திலுள்ள உடைமையாளர் வேறு என்ற சாலமன் சித்தாந்தம் சட்டப் புத்தகத்தில் பத்திரமாக இருந்தது. ஆனால் சொத்தை நகர்த்த வேண்டுமானால் உடைமையாளரின் கையெழுத்து தேவைப்பட்டது. கையெழுத்து வரவில்லை. தொழிற்சாலை விற்பனையிலிருந்து விடுபட்டு, 2014 நவம்பர் முதல் தேதி உற்பத்தி நின்று, ஆயிரக்கணக்கான இளம் தொழிலாளிகள் வீடு திரும்பினார்கள். வருமானவரித் தகராறு 2018ஆம் ஆண்டில் இந்தியாவும் பின்லாந்தும் பேசி முடித்துக்கொண்ட ஏற்பாட்டில் தீர்ந்தது.

பாங்கிக் கடனில் இந்த வாதங்களுக்கெல்லாம் இடமில்லை. கடன் கொடுக்கும் நாளிலேயே பாங்கி டைரக்டரிடம் தனி ஜாமீன் வாங்கிக்கொள்கிறது. 1872ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டப்படி ஜாமீன்தாரரின் பொறுப்பும் கடன்பட்டவரின் பொறுப்பும் ஒரே அளவு. கம்பெனி திவால் நடவடிக்கையில் கரை சேர்ந்தாலும் ஜாமீன்தாரர் சேரமாட்டார் என்று 2021ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம் சொல்லிவிட்டது. அங்கே டைரக்டர் தாமே கையெழுத்திடுகிறார். வரி விஷயத்தில் அவருக்காகச் சட்டம் கையெழுத்திட்டுவிடுகிறது. தேக்குமரத் திட்டங்களும் பைனான்ஸ் கம்பெனிகளும் நடுத்தரக் குடும்பங்களின் சேமிப்பை விழுங்கிய காலத்தில் பிறந்த 1997ஆம் ஆண்டின் தமிழ்நாடு முதலீட்டாளர் பாதுகாப்புச் சட்டம் இவற்றையெல்லாம் விடக் கண்டிப்பானது: ஸ்தாபனத்தின் சொத்து போதாதபோது டைரக்டர், கூட்டாளி, மானேஜர் ஆகியோரின் சொத்தையும் அரசு ஜப்தி செய்யலாம். 2011ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம் அச்சட்டத்தைச் செல்லுபடியாக்கிற்று.

நோட்டீஸ் வந்துவிட்டதென்றால் முதலில் பார்க்கவேண்டியது அது யார் பெயருக்கு வந்திருக்கிறது என்பதை. கம்பெனிக்கு வந்த நோட்டீஸ் டைரக்டருக்கு வந்த நோட்டீஸ் ஆகாது. கம்பெனியிடம் வசூலிக்க இன்னின்ன முயற்சிகள் செய்தோம், ஆகவில்லை என்பதைக் குறிப்பிட்டு, டைரக்டரின் பெயருக்குத் தனியே நோட்டீஸ் கொடுத்து, அவர் பதிலைக் கேட்டு, காரணம் காட்டி உத்தரவிட்ட பிறகே அவர் சொத்தைத் தொடலாம் என்பதை உயர்நீதிமன்றங்கள் திரும்பத் திரும்ப வற்புறுத்தியிருக்கின்றன. எந்த வருஷத்து வரி என்பதும் முக்கியம். அவ்வருஷத்துக்கு முன்பே விலகியவர் பொறுப்பாளி அல்ல. ஆனால் விலகியதற்குச் சாட்சி வேண்டும். கம்பெனி தன் பங்குக்கு முப்பது நாளில் பதிவாளருக்குத் தெரிவிக்கவேண்டும். அது தெரிவிக்காமல் இழுத்தடித்தால் விலகியவர் தாமே தெரிவிக்கவும் 2013ஆம் ஆண்டின் கம்பெனிச் சட்டம் வழி வைத்திருக்கிறது. மனஸ்தாபத்தில் ராஜினாமாக் கடிதத்தை மேஜைமேல் வைத்துவிட்டு வந்தவர்கள் பதிவாளரின் ஏட்டில் பல வருஷம் டைரக்டராகவே நீடிப்பதுண்டு. நோட்டீஸுக்குப் பதில் எழுதாமலிருப்பதைப் போன்ற தவறு வேறில்லை. நிரூபிக்கும் பாரம் தம்மிடம் இருக்கும்போது மௌனம் அசட்டைக்கே சாட்சியாகிவிடும்.

சொத்தை மகள் பேருக்குத் தானசாசனம் செய்துவிட்டால் தீர்ந்தது என்று யோசனை சொல்லும் நண்பர்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள். வரி நடவடிக்கை நிலுவையிலிருக்கும்போது அவ்வாறு மாற்றுவது இலாகாவைக் கட்டாது என்று வருமானவரிச் சட்டமும் ஜிஎஸ்டி சட்டமும் ஒருமுகமாகச் சொல்கின்றன. உரிய விலை கொடுத்து, பாக்கியைப் பற்றி அறியாமல் வாங்கியவரை மட்டுமே அவை காப்பாற்றும். கிழக்குக் கடற்கரைச் சாலை ஓரத்தில் மனை வாங்குகிறவர்கள் வில்லங்கச் சான்றிதழில் அடமானத்தை மட்டும் தேடிவிட்டு நின்றுவிடாமல், சார்பதிவாளருக்கு வரி இலாகா எழுதிய ஜப்திக் கடிதம் ஏதும் பதிவாகியிருக்கிறதா என்பதையும், விற்பவர் எந்தக் கம்பெனியிலாவது டைரக்டராக இருந்தவரா என்பதையும் விசாரித்துக்கொள்ளவேண்டும்.

ஜப்தி செய்ய வருகிறவர்களும் எல்லாவற்றையும் எடுத்துச்செல்ல முடியாது. வருமானவரி வசூல் விதிகள் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 60ஆம் பிரிவைப் பின்பற்றுகின்றன. உடுத்தும் துணி, சமையல் பாத்திரம், படுக்கை, தொழிலாளியின் ஆயுதம் ஆகியவற்றோடு, மதவழக்கப்படி ஒரு பெண் கழற்றக்கூடாத ஆபரணத்தையும் அப்பிரிவு விலக்கியிருக்கிறது. பாக்கிதாரரான டைரக்டர் இறந்துபோனால், அவர் விட்டுச்சென்ற சொத்தின் அளவுக்கு மட்டுமே வாரிசுகள் வரிக்குப் பதில் சொல்லவேண்டும்; அவர்கள் தாமாகச் சம்பாதித்ததைத் தொடமுடியாது. அப்பா விட்டுச்சென்றது எது, தாங்கள் சம்பாதித்தது எது என்பதைப் பத்திரங்களைக் கொண்டு பிரித்துக் காட்டவேண்டியது மட்டும் வாரிசுகளின் வேலையாக விடப்பட்டிருக்கிறது.